மடிப்புக்குள் ஒரு வீடு

பல் டாக்டரிடம் போனாலும், அந்த அக்கா வாயைத் திறப்பதற்கு முன் ஜன்னலோரம் போய் அங்கே தொங்கும் திரைச்சீலையின் கீழோரத்தைத் திருப்பிப் பார்ப்பார். துக்கம் விசாரிக்கப் போன வீட்டிலும் அப்படித்தான். ஒரு கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு மறு கை விரல்களால் தையலை நெருடியதை நானே பார்த்திருக்கிறேன். "ஒத்தை மடிப்புல ஓரத்தை முடிச்சிருக்காங்க தம்பி. நாலு தடவை துவைச்சா பிரிஞ்சு வந்துடும்" என்று வெளியே வந்ததும் என் காதருகே சொன்னார். இறந்தவரைப் பற்றி அதற்குப் பிறகுதான் பேசினார்.

எங்கள் தெருவில் அவருக்குக் கர்ட்டன் அக்கா என்று பெயர். நாற்பத்தேழு வயது. கழுத்தில் எந்நேரமும் ஓர் அளவு டேப் கிடக்கும். குளிக்கும்போது மட்டும் கழற்றுவார் என்று அவர் கணவர் சொல்கிறார், அதையும் நம்பலாமா என்று தெரியவில்லை. வேலை நேரத்தில் உதடுகளுக்கு நடுவே நாலைந்து குண்டூசிகள் இருக்கும். ஊசிகளோடேயே பேரம் பேசுவார், போன் பேசுவார், சிரிக்கவும் செய்வார். இதுவரை ஒன்றைக்கூட விழுங்கியதில்லை. எதிரே நிற்கும் நமக்குத்தான் தொண்டையில் என்னவோ குத்தும்.

துணியோடு வருகிற எல்லாரும் ஒரே தப்பைத்தான் செய்கிறார்களாம். ஜன்னலை அளந்து, அந்த அளவுக்கே துணி வாங்கிக்கொண்டு வந்து நிற்பார்களாம். "ஜன்னல் நாலடின்னா துணி எட்டடி வேணும். மீதி மடிப்புக்குள்ள போயிடும். மடிப்பே இல்லாம தைச்சா படுதா மாதிரி விறைச்சுக்கிட்டு நிக்கும். ஜன்னல் அளவைச் சொல்லாதீங்க, துணி அளவைக் கேளுங்க." இந்தப் பேச்சை ஒரு நாளில் எத்தனை பேரிடம் பேசினாலும் அலுக்காது அவருக்கு. என் அறைக்குத் திரை தைக்கக் கொடுக்கப் போனபோது என்னிடமும் பேசினார். நான் கொண்டுபோயிருந்தது சரியாக நாலடி.

அவருடைய வீடு தெருவின் கடைசியில் இருக்கிறது. சொந்த வீடு, ஐந்து வருஷத்துக்கு முன் கடனில் வாங்கியது. முன்னறையில் தையல் மெஷின், மெஷினுக்கு நேரே ஒரு ஜன்னல், ஜன்னலுக்கு அப்பால் காலி மனை. முழங்கால் அளவு புல், யாரோ கொட்டிவிட்டுப் போன செங்கல் குவியல், கொஞ்சம் தள்ளி ஒரு விளக்குக் கம்பம், அதற்கும் பின்னால் புதர். ஊருக்கெல்லாம் திரை தைக்கிறவரின் அந்த ஜன்னலுக்கு மட்டும் திரை கிடையாது. மதியச் சாப்பாடு முடிந்து கொஞ்ச நேரத்தில் மெஷின் சத்தம் நின்றுபோகும். அக்கா சக்கரத்தின்மேல் கையை வைத்தபடி காலி மனையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். கூப்பிட்டால் காதில் விழாது.

"பக்கத்து வீட்டுக்குப் போயிருக்கா. இப்ப வந்துடுவா, உக்காருங்க" என்பார் அவர் கணவர். பள்ளிக்கூடப் பிள்ளைகளை ஏற்றிப்போகும் வேனை ஓட்டுகிறவர். தெருவுக்கு அவர் வேன்காரர். முதல் தடவை நான் அவர் சொன்னதை நம்பி வாசலுக்கு வந்து எட்டிப் பார்த்தேன். பக்கத்தில் வீடே இல்லை. வேன்காரர் தொடையைத் தட்டிக்கொண்டு சிரித்தார்.

அந்தப் பக்கத்து வீடு எப்படி வந்தது என்று அக்காவே ஒரு நாள் சொன்னார். போன வருஷம் ஒரு வங்கியில் திரை மாட்டப் போயிருந்தார். அவர்கள் வீட்டுக் கடன் வாங்கிய அதே வங்கி. ஏணியில் நின்று கம்பியை முடுக்கிக்கொண்டே, கீழே கடன் பிரிவில் உட்கார்ந்திருந்த பெண்ணிடம் சும்மா பேச்சுக்குக் கேட்டிருக்கிறார்.

"ஏம்மா, நாங்க கட்ட ஆரம்பிச்சு நாலு வருஷம் ஆச்சே. கால்வாசியாவது குறைஞ்சிருக்குமா?"

அந்தப் பெண் கணினியைத் தட்டிப் பார்த்தாள். "பத்துல ஒரு பங்குகூட முழுசா குறையலக்கா. ஆரம்பத்துல நீங்க கட்டறதுல ஆறு பங்குல அஞ்சு பங்கு வட்டிக்குத்தான் போகும். இருபது வருஷமும் இப்படியே கட்டி முடிச்சீங்கன்னா, வாங்கின கடன் மாதிரி ரெண்டு மடங்குக்கு மேல வந்திருக்கும்."

ஏணியில் நின்றபடியே அக்காவுக்குச் சிரிப்புத்தான் வந்ததாம். "ஊருக்கெல்லாம் துணி அளவைக் கேளுன்னு பாடம் நடத்தறவ, என் வீட்டுக்கு மட்டும் ஜன்னல் அளவைக் கேட்டுட்டு வந்திருக்கேன் தம்பி! வீடு என்ன விலை, மாசம் எவ்வளவு கட்டணும், அவ்வளவுதான் கேட்டேன். மொத்தம் எவ்வளவுன்னு ஒரு வார்த்தை வாயில வரவே இல்ல பாருங்க."

வீடு வந்து சேரும்வரை சிரித்துக்கொண்டுதான் வந்திருக்கிறார். மெஷினில் உட்கார்ந்தபோது ஒரு யோசனை வந்து, சிரிப்பு போய்விட்டது. "ரெண்டு வீட்டுக்குப் பணம் கட்டறோம். ஒண்ணுல குடியிருக்கோம். இன்னொண்ணு எங்க?" நிமிர்ந்து பார்த்தார். ஜன்னலுக்கு வெளியே, புல்லுக்கு மேலே, அது நின்றுகொண்டிருந்தது.

அந்த வீட்டைப் பற்றிப் பேசும்போது மட்டும் ஊசிகளை வாயிலிருந்து எடுத்து மேஜையில் வைத்துவிடுவார். அறைகள் எல்லாம் இந்த வீட்டில் இருப்பவைதான், ஆனால் கண்ணாடியில் தெரிவதுபோல் இடம் வலமாக மாறியிருக்கும். நடந்தால் காலடிச் சத்தம் கேட்காது. எங்கேயோ குழாய் சொட்டும். தேடிக்கொண்டு போனால் வேறோர் அறைக்கு வந்து சேர்ந்திருப்பார், அங்கே இன்னும் மெதுவாகச் சொட்டும். ஜன்னல்கள் எல்லாம் திறந்தே கிடக்கும். எதிலும் திரை இல்லை. காற்று மட்டும் உள்ளே வருவதும் திரும்பிப் போவதுமாக இருக்கும். அங்கே எப்போது போனாலும் பிற்பகல்தான். முன்பக்கம் முடிந்துவிட்டது, பின்பக்கம் மட்டும் எழும்பிக்கொண்டே இருக்கிறது. "டியூ கட்டின அன்னிக்குப் போய்ப் பார்த்தா, பின்னாடி ஒரு வரிசை செங்கல் கூடியிருக்கும் தம்பி. கொத்தனார் யாருன்னு தெரியாது. இங்க நம்ம வீட்டுல ஒரு ஆணிகூட அடிச்சிருக்க மாட்டோம்."

கேட்டுக்கொண்டிருக்கும்போது எனக்கும் கண் சொருகும். புல்லின்மேல் ஒரு சுவரின் நிழல் விழுந்து கிடப்பதுபோல் இருக்கும். காலமெல்லாம் வாடகை வீட்டில் குப்பை கொட்டுகிற எனக்கே அந்த வீட்டின்மேல் ஆசை வந்தது. கூடவே கொஞ்சம் பயமும் வந்தது.

விடுதியில் தங்கிப் படிக்கும் மகள் விடுமுறைக்கு வந்திருந்தபோது அம்மாவைச் சீண்டினாள். "அந்த வீட்டுல எனக்கு எந்த ரூம்மா?"

அக்கா சிரிக்கவில்லை. "அங்க உனக்கு ஒண்ணும் கிடையாது. நீ இங்கயே இரு" என்றார். மகள் பேச்சை மாற்றிவிட்டாள்.

வங்கியின்மேல் கோபமா என்று ஒரு தடவை வாயைக் கிளறினேன். "எதுக்குக் கோபம்? அவங்க குடுக்கலைன்னா தலைக்கு மேல கூரை ஏது? மடிப்பு வேணும் தம்பி, மடிப்பு இல்லாம திரை கிடையாது. ஆனா எத்தனை மடிப்புன்னு தைக்கிறவளுக்குத் தெரிய வேணாமா?"

வேன்காரரின் கவலை வேறு. வேனின் மஞ்சள் வெளுத்துப்போய்விட்டது, சீட்டுகள் கிழிந்துவிட்டன. புதிய வேன் ஒன்று தெருவுக்குள் வர ஆரம்பித்ததும் சில பிள்ளைகள் அதற்கு மாறிவிட்டார்கள். மாதம் பிறந்தால் தவணை கழுத்தைப் பிடிக்கிறது. வண்டிக்குப் பெயிண்ட் அடித்துச் சீட் மாற்றுவதற்கென்று மனிதர் தனியாகக் கொஞ்சம் சேர்த்து வைத்திருக்கிறார். அதில் கை வைக்கச் சொன்னால் மட்டும் அவருக்குச் சிரிப்பு மறைந்துவிடும். இந்த நேரத்தில்தான் வங்கியில் அவருக்கு ஒரு வழி சொன்னார்கள். கடனை இன்னும் எட்டு வருஷம் நீட்டிக்கொண்டால் மாதத் தவணையில் ஏழில் ஒரு பங்கு குறையுமாம்.

"மாசாமாசம் கொஞ்சம் மூச்சு விடலாம்ல? கடைசி எட்டு வருஷத்தை அப்ப பாத்துக்கலாம்" என்றார் வேன்காரர். அவர் சொன்னதிலும் நியாயம் இல்லாமல் இல்லை.

"இப்ப இருக்கறபடியே எனக்கு அறுபத்திரண்டு வயசு வரைக்கும் கட்டணும். நீட்டினா எழுபது. எழுபது வயசுல நான் ஊசியில நூல் கோக்க முடியுமாங்க?"

"நான் கோத்துத் தரேன்."

"உங்களுக்கு எழுபத்தஞ்சு ஆகியிருக்கும்."

வேன்காரர் என்னைப் பார்த்தார். நான் சுவரைப் பார்த்தேன்.

அந்தச் சமயத்தில் ஒரு பெரிய ஹோட்டலின் அறைகளுக்கெல்லாம் திரை தைக்கும் வேலை அக்காவுக்குக் கிடைத்தது. இரண்டு மாதம் மெஷின் ஓயவில்லை. முன்னறையில் நடக்க இடமில்லாமல் சாம்பல் நிறத் துணி மலையாகக் குவிந்து கிடந்தது. அக்காவின் கண்கள் சிவந்து நீர் வடிந்தன; துடைத்துக்கொண்டு தைத்தார். அந்த இரண்டு மாதமும் பக்கத்து வீட்டுக்குப் போகவே இல்லை. வேலை முடிந்து கைக்கு வந்த பணம் ஆறு மாதத் தவணைக்குச் சமம்.

"ஆறு மாசம் நிம்மதியா ஓட்டலாம்" என்றார் வேன்காரர்.

அக்கா அதற்குள் வங்கிப் பெண்ணிடம் கேட்டு வந்திருந்தார். அந்தப் பணத்தை அப்படியே அசலில் போட்டுவிட்டு, தவணையையும் பழையபடி கட்டிக்கொண்டு போனால், கடைசியில் இருபது மாதம் குறைந்துவிடுமாம். வேன்காரர் நம்பவில்லை. "ஆறு குடுத்தா இருபது குறையுமா? யார் காதுல பூ சுத்தற?" என்றார். கடனை நீட்டிக்க மறுநாள் இருவரும் போய்க் கையெழுத்துப் போட வேண்டியிருந்தது.

"நான் போட மாட்டேன்னு சொல்லிடலாம் தம்பி" என்றார் அக்கா என்னிடம். "அப்புறம் அந்த மனுஷன் ஒவ்வொரு மாசமும் என்னைக் குத்தம் சொல்லிக்கிட்டே கட்டுவாரு. அது வேணாம். அவரே ஒரு தடவை அங்க போய்ப் பார்க்கணும்."

அன்று சாயங்காலம் என் திரையை வாங்கிக்கொள்ளப் போயிருந்தேன். நான் மறுபடி வாங்கிக் கொடுத்த எட்டடித் துணியை நாலடியாக மடித்துத் தைத்து வைத்திருந்தார். வேன்காரர் அப்போதுதான் வேனைத் தெருவில் நிறுத்திவிட்டு வந்தார். அவர் வாசலைத் தாண்டுவதற்குள் அக்கா ஜன்னல் வழியாகப் பெரிய டேப்பின் நுனியை வெளியே நீட்டினார். பெரிய கூடங்களை அளக்கிற நீளமான டேப்.

"ஏங்க, இந்த நுனியைப் பிடிச்சுக்கிட்டு மனைக்குள்ள நேரா நடங்க."

"எதுக்கு?"

"பக்கத்து வீட்டை அளக்கணும். வருஷத்துக்கு ஒரு காலடி."

வேன்காரர் என்னைப் பார்த்துக் கண்ணடித்துவிட்டு நடந்தார். "இது பாப்பா படிச்சு முடிக்கிற வருஷம். இது எனக்குக் கண் ஆபரேஷன். இது வேன் மியூசியத்துக்குப் போற வருஷம்" என்று ஒவ்வொரு காலடிக்கும் ஒரு வேடிக்கை சொன்னார். அக்காவின் கையில் டேப் சுழன்று சுழன்று நீண்டது. பதினைந்தாவது காலடியில் விளக்குக் கம்பத்தடிக்கு வந்ததும் நிற்கச் சொன்னார்.

"அதுதான் பின்சுவரு. அங்க எனக்கு அறுபத்திரண்டு. நாளைக்குக் கையெழுத்துப் போட்டா இன்னும் எட்டு. நடங்க."

கம்பத்தில் விளக்கு எரிய ஆரம்பித்திருந்தது. அதன் வெளிச்சத்தைத் தாண்டி வேன்காரர் புதருக்குள் போனார். சட்டை தெரிந்தது, பிறகு அதுவும் தெரியவில்லை. வேடிக்கைப் பேச்சும் நின்றுவிட்டது. டேப் மட்டும் விறைப்பாக இருட்டுக்குள் போயிருந்தது.

"என்னங்க, தெரியுதா?"

"ஒண்ணும் தெரியல. நீ எங்க இருக்க?"

"இங்கயேதான் இருக்கேன். தைச்சுக்கிட்டு இருக்கேன்."

என் மடியில் இருந்த திரையை நான் இறுக்கிப் பிடித்திருந்ததைப் பிறகுதான் கவனித்தேன். கொஞ்ச நேரத்தில் டேப் தளர்ந்தது. யாரும் கூப்பிடாமலே வேன்காரர் கம்பத்தடிக்குத் திரும்பி வந்து நின்றார். சட்டையெல்லாம் முள்ளும் சருகும்.

"ஹோட்டல் பணத்தைப் போட்டா?" என்றார். குரலில் வேடிக்கை இல்லை.

"என் பக்கமா வாங்க. ரெண்டு காலடிக்குக் கொஞ்சம் குறைவா."

அவர் வந்தார். அக்கா தொய்ந்த டேப்பைச் சுற்றி எடுத்தார். வேன்காரர் நின்ற இடத்திலேயே நின்று, பெயிண்டுக்குக் காத்துத் தெருவில் வெளுத்துப்போய் நின்றிருந்த தன் வேனை ஒரு தடவை திரும்பிப் பார்த்தார். பிறகு, அக்கா கேட்காமலே, வீட்டை நோக்கி இன்னொரு காலடி எடுத்து வைத்தார்.