ஹென்றி அத்தான் அசல் அடித்த கதை

என் அக்காவின் கணவர் ஹென்றியிடம் எனக்கு ஆகாத குணம் ஒன்று உண்டு. நல்ல செய்தியை அவரால் வாய்க்குள் வைத்திருக்க முடியாது. வீட்டுக் கடன் இந்த டிசம்பரோடு முடிகிறது என்று கிள்ளானில் அவர் சொல்லாத ஆளே கிடையாது. பூசை முடிந்து கோயில் வாசலில் சொன்னார். முடிவெட்டும் கடையில் சொன்னார். கல்லறைத் திருநாளன்று செத்துப்போன தன் அப்பாவுக்கு மெழுகுவர்த்தி ஏற்றிவிட்டு அவரிடமும் சத்தமாகச் சொன்னார். பக்கத்துக் கல்லறைக்கு வந்திருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். எனக்கு மானம் போயிற்று.

ஆனாலும் அப்பாவிடம் சொன்னதில் ஒரு நியாயம் இருந்தது. அந்த மனிதர் ரயில்வேயில் தண்டவாளம் பார்த்தவர். வேலை ஓய்ந்ததும் குவார்ட்டர்ஸ் சாவியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, சாகும்வரை வாடகை வீட்டிலேயே இருந்தார். அந்தக் குடும்பத்தில் முதன்முதலாகச் சொந்தமாக ஒரு வாசற்கதவு வாங்கியவர் அத்தான்தான். போர்ட் கிள்ளானில் கண்டெய்னர் லோரி ஓட்டுகிறார். 2006-ஆம் வருடத் தொடக்கத்தில், கிள்ளானில் ஒரு தாமான் குடியிருப்பில் இரட்டை மாடி வீடு. கடன் ஒரு லட்சத்து எண்பதாயிரம் மலேசிய வெள்ளி. மாதம் ஆயிரத்து ஐம்பது, முப்பது வருடம்.

முப்பது வருடம் என்று கேட்டதும் அவர் தன் வயதோடு அதைக் கூட்டிப் பார்த்தார். வீட்டைக் காட்டிய ஏஜெண்ட் சுகுமாறன்தான் ஒரு வழி சொன்னார். வருடத்துக்கு ஒரு முறை போனஸில் மூவாயிரம் வெள்ளி கூடுதலாகக் கட்டினால் அசல் குறையும், முப்பது வருடம் இருபதில் முடியும் என்று கால்குலேட்டரில் தட்டிக் காட்டினாராம். அத்தான் அதை வேதவாக்காக எடுத்துக்கொண்டார்.

அன்று முதல் ஒவ்வொரு டிசம்பர் முப்பத்தொன்றாம் தேதியும் அந்த வீட்டில் ஒரு திருநாள். கிறிஸ்துமஸுக்குத் தைத்த சட்டையை மறுபடியும் போட்டுக்கொண்டு, பணத்தை எண்ணி உறையில் வைத்து, "அசல அடிச்சிட்டு வரேன்" என்று கிளம்புவார். பணம் போடும் இயந்திரத்தின் முன்னால் நின்று சிலுவை போடுவார். பின்னால் வரிசையில் நிற்பவர்கள் என்ன நினைப்பார்கள் என்ற கவலை கிடையாது. இயந்திரம் நோட்டுகளை விழுங்கிவிட்டு நன்றி என்று திரையில் காட்டும். அவர் பதிலுக்குத் தலையாட்டுவார். நானே ஒரு வருடம் கூடப் போய்ப் பார்த்திருக்கிறேன், அதனால்தான் சொல்கிறேன்.

அந்த மூவாயிரம் எங்கிருந்து வந்தது என்று என் அக்கா சாந்தமேரியைக் கேட்டால் தெரியும். கதவு சரியாக மூடாத பிரிட்ஜை ரப்பர் கயிற்றால் கட்டியே எத்தனையோ வருடம் ஓட்டினாள். வேளாங்கண்ணிக்குப் போக வேண்டும் என்ற நேர்த்திக்கடன் இன்னும் அப்படியே நிற்கிறது. பெருந்தொற்றுக் காலத்தில் ஆறு மாதம் தவணை கட்ட வேண்டாம் என்று ஊரே மூச்சுவிட்டபோதும், இவர் மட்டும் எனக்குச் சலுகை தேவையில்லை என்று மார்தட்டிக்கொண்டு கட்டினார். அக்கா ரப்பர் கயிற்றை இன்னொரு சுற்றுச் சுற்றினாள். நானாக இருந்தால் அன்றைக்கே வீட்டை இரண்டாக்கியிருப்பேன்.

போன அக்டோபரில்தான் விஷயம் வேறு மாதிரி திரும்பியது. அத்தானுக்குச் சர்க்கரை. வலது பாதம் மரத்துப்போயிருந்ததை யாரிடமும் சொல்லாமல் மறைத்து ஓட்டிக்கொண்டிருந்திருக்கிறார். பூலாவ் இண்டா பக்கம் ஒரு சிக்னலில் மிதித்தபோது, கால் பிரேக்கின் மேல் இருக்கிறதா பக்கத்தில் இருக்கிறதா என்று அவருக்கே தெரியவில்லை. முன்னால் ஒரு மோட்டார் சைக்கிள், கணவன் மனைவி, நடுவில் ஒரு குழந்தை. ஒரு கை இடைவெளியில் லோரி நின்றது. வீட்டுக்கு வந்து சோற்றைப் பிசைந்து வைத்துக்கொண்டு அழுதார் என்று அக்கா என்னிடம் சொன்னாள்.

அன்றே அவள் பேச்சை முடித்துவிட்டாள். டிசம்பரில் வீடு முடிகிறது, அன்றோடு லோரிச் சாவியைக் கம்பெனியில் கொடுத்துவிட வேண்டும். அவருக்கு ஐம்பத்தேழு வயது. கையில் இபிஎஃப் சேமநிதிப் பணம் அறுபதாயிரம் இருக்கிறது. தவணை இல்லாவிட்டால் இரண்டு பேருக்கும் வயிறு கழுவ அது சில வருடத்துக்குப் போதும். அத்தானும் சரி என்றார். அதுவரை பகலில் மட்டும், பக்கத்து நடைகளுக்கு மட்டும் போவதாக ஏற்பாடு. வீடு முடிந்தால்தான் அவர் இறங்க முடியும்.

நவம்பரில் கணக்கு முடிக்க என்ன செய்ய வேண்டும் என்று கேட்க வங்கிக்குப் புறப்பட்டார். என்னையும் வரச் சொன்னார். நான் பிரிக்பீல்ட்ஸில் ஒரு டயர் கடையில் கணக்கு எழுதுகிறவள். அதனால் பணத்தைப் பற்றிய எல்லாமே எனக்குத் தெரியும் என்று அவருக்கு ஒரு நம்பிக்கை. அரை நாள் விடுப்புப் போட்டு ரயில் ஏறி வந்தேன். வந்து பார்த்தால் மனிதர் கிறிஸ்துமஸ் சட்டையில் நிற்கிறார்.

கவுண்டரில் மாதவி என்று ஒரு பெண். தமிழ்ப் பெண், மரியாதையான பெண். கணினியைப் பார்த்தாள், அத்தானைப் பார்த்தாள், மறுபடியும் கணினியைப் பார்த்தாள். இன்னும் தொண்ணூற்றைந்தாயிரத்து அறுநூறு வெள்ளி பாக்கி இருக்கிறது என்றாள். அத்தான் சிரித்தார். வேறு யாருடைய கணக்கையோ திறந்துவிட்டாய் அம்மா என்று தன் அடையாள அட்டையை இன்னொரு முறை நீட்டினார். அவள் பெயரையும் வீட்டு முகவரியையும் படித்துக் காட்டினாள். எல்லாம் இவருடையதுதான்.

அப்போதுதான் நான் அந்த மூவாயிரங்களைப் பற்றிக் கேட்டேன். பத்தொன்பது டிசம்பர், ஐம்பத்தேழாயிரம் வெள்ளி, அது எங்கே போனது என்று சற்றுக் குரல் உயர்த்தியே கேட்டேன்.

"எங்கயும் போகல அங்கிள், அப்படியே இருக்கு" என்றாள் மாதவி அத்தானிடம். "ஆனா அட்வான்ஸா இருக்கு. வரப்போற மாசங்களோட தவணைன்னு சிஸ்டம் எடுத்து வச்சிருக்கு. அசலுக்குப் போகணும்னா, இது அசலுக்குன்னு நீங்க எழுதிக் குடுத்திருக்கணும்."

"யாரும் சொல்லலையேம்மா" என்றார் அத்தான்.

ஒப்பந்தத்தில் இருக்கிறது என்று அவள் மெதுவாகச் சொன்னாள். எனக்கு வந்த கோபத்தில் அந்த மேசையைத் தூக்கி எறிந்திருப்பேன். இருபது வருடத்துக்கு முன்னால் இங்கிலீஷில் கையெழுத்துப் போட்ட அத்தனை பக்கத்தில் அது எங்கே இருந்தது என்று எந்த லோரிக்காரனுக்குத் தெரியும்? ஆனால் அந்தப் பெண்ணைத் திட்டி என்ன பயன். கடன் வாங்கிய காலத்தில் அவள் ஆரம்பப் பள்ளியில் இருந்திருப்பாள்.

அவள் பொறுமையாக விளக்கினாள். வட்டி ஏறி இறங்கினாலும் சராசரியாக ஆறு விழுக்காட்டுக்குச் சற்றுக் கீழே. முதல் மாதம் கட்டிய ஆயிரத்து ஐம்பதில் எண்ணூற்று அறுபத்திரண்டு வெள்ளி வட்டிக்குப் போயிற்று. அசலில் கழிந்தது நூற்று எண்பத்தெட்டு. அசல் கரையக் கரையத்தான் வட்டி குறையும். ஆரம்ப வருடங்களில் போட்ட மூவாயிரம் அசலில் விழுந்திருந்தால், அதற்குரிய வட்டி கடைசிவரை இல்லாமல் போயிருக்கும். அத்தான் கேட்டுக்கொண்டதால் அதையும் கணக்குப் போட்டுப் பார்த்தாள். பார்த்துவிட்டுத் திரையை எங்கள் பக்கம் திருப்பினாள். சுகுமாறன் சொன்னது சரி. அசலுக்கென்று எழுதிக் கொடுத்திருந்தால் இந்த டிசம்பரில் வீடு முடிந்திருக்கும்.

"நூத்தி எண்பத்தெட்டு வெள்ளிதான் வீட்டுக்குப் போச்சா?" என்று அத்தான் என்னைக் கேட்டார். கணக்குத் தெரிந்தவளாயிற்றே நான். தலையை மட்டும் ஆட்டினேன். உண்மையில் எனக்கும் பாதிதான் புரிந்தது.

இப்போதும் ஒரு வழி இருந்தது. ஒரு விண்ணப்பப் பாரத்தில் கையெழுத்துப் போட்டால் அந்த ஐம்பத்தேழாயிரமும் அசலுக்கு மாறும். பாக்கி முப்பத்தெட்டாயிரத்துச் சொச்சமாகும். மாதாமாதம் கட்டினால் இன்னும் மூன்றரை வருடத்துக்குள் தீரும். அவள் பாரத்தை எடுத்து வைத்தாள். அத்தான் பேனாவை எடுத்தார், கீழே வைத்தார். வேண்டாம், யோசித்துவிட்டு வருகிறேன் என்று எழுந்துவிட்டார்.

வெளியே வந்து கார் நிறுத்துமிடத்தில் பிடித்துக்கொண்டேன். ஏன் அத்தான் போடவில்லை என்றேன். அவர் சொன்ன காரணம் எனக்கு இன்றுவரை விளங்கவில்லை, ஆனால் தப்பு என்று சொல்லவும் வாய் வரவில்லை. இவ்வளவு நாள் கட்டிவிட்டேன் என்று நினைத்த பணம் கட்டாமல் கிடக்கிறதாம். கிடக்கிற பணம் என்றால் அது இன்னும் தன்னுடையதுதானே, கையெழுத்துப் போட்டால் அதுவும் போய்விடுமே என்றார். கடன்தானே குறைகிறது என்றேன். குறையும் என்று நினைத்துத்தானே இத்தனை வருடமும் போட்டேன் என்றார். அவர் யோசிக்கிற ஒவ்வொரு நாளும் அந்தப் பணம் அசலில் கழியாததால் ஒன்பது வெள்ளி வட்டி ஓடுகிறது என்று போனில் கணக்குப் போட்டுக் காட்டினேன். ஒரு தட்டு நாசி கண்டார் சோற்றுக் காசு என்று சொல்லிவிட்டு, வண்டிச் சாவியைத் தப்பான காரின் கதவில் நுழைத்துக்கொண்டு நின்றார்.

வீட்டில் அக்கா எங்கள் முகத்தைப் பார்த்தே அடுப்பை அணைத்துவிட்டாள். அத்தான் ஆரம்பத்திலிருந்து சொன்னார், நடுவில் குழம்பினார், மறுபடியும் ஆரம்பத்துக்குப் போனார். ஜோகூரில் இருக்கிற மகளிடம் கேட்கலாமா என்று நான் இடையில் புகுந்தேன். அவளே முப்பத்தைந்து வருடக் கடனில் இருக்கிறாள், வேண்டாம் என்றார்கள் இருவரும் ஒரே குரலில். கடைசியில் அத்தான் தன் முடிவைச் சொன்னார். காலுக்கு நல்ல மருத்துவம் பார்த்துக்கொண்டு இன்னும் மூன்று வருடம் லோரி ஓட்டுவது. இபிஎஃப்பைத் தொடக்கூடாது. வேறு வழி தனக்குத் தெரியவில்லை என்றார்.

என் அக்காவைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். அவள் சண்டை போட்டு நான் பார்த்ததில்லை. பத்தொன்பது வருடம் ரப்பர் கயிற்றால் பிரிட்ஜைக் கட்டியவள். அன்றும் அவள் குரல் உயரவில்லை.

"அந்தக் கால வச்சுக்கிட்டு நீங்க ஓட்டி, ஒருநாள் யார் பெத்த பிள்ள மேலயாவது ஏத்திட்டு வந்து நின்னா, இந்த வீட்ட வச்சுக்கிட்டு நான் என்ன பண்றது?" என்றாள். "நாளைக்கே போய் கையெழுத்துப் போடுங்க. மிச்சத்த இபிஎஃப்ல எடுத்துக் கட்டுங்க. சோத்துக்கு நான் பாத்துக்கறேன்."

நீ என்ன பார்ப்பாய், உனக்கு என்ன வேலை தெரியும் என்று நான்தான் கத்தினேன். ஐம்பத்தைந்து வயதில் இது என்ன பைத்தியம் என்றேன். அத்தான் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். இருபது வருடமாக ஒரே வீட்டுக்குள் இருந்தவளை அன்றைக்குத்தான் பார்ப்பவர் மாதிரி எனக்குத் தோன்றியது.

மறுநாள் அவர் மாதவியின் முன்னால் உட்கார்ந்து கையெழுத்துப் போட்டார். நானும் இருந்தேன். போட்டுவிட்டு எழுந்திருக்கவில்லை.

"இன்னும் வேற ஏதாவது நான் சொல்லணுமாம்மா?" என்று கேட்டார். "சொல்லாம எதையாவது விட்டிருக்கேனா?"

இல்லை அங்கிள் என்றாள் அந்தப் பெண். அவர் இன்னொரு முறையும் அதையே கேட்டார். அவள் கண் கலங்கிவிட்டது.

இபிஎஃப் பணம் வர இரண்டு வாரம் ஆனது. டிசம்பர் பிறப்பதற்கு முன்னாலேயே கடன் முழுதும் அடைந்தது. சாவியைக் கம்பெனியில் கொடுத்தார். கையில் மிச்சம் இருபத்தோராயிரம். நான் ஒரு கேக்கும் கோழியும் வாங்கிக்கொண்டு, விடியற்காலை முதல் ரயிலில் கிள்ளானுக்கு வந்தேன். சொந்த வீட்டில் முதல் முறையாகச் சாப்பிடப் போகிறோம் என்று எனக்கு உண்மையிலேயே சந்தோஷம்.

அக்கா வீட்டில் இல்லை. பூலாவ் இண்டாவில் ஒரு தொழிற்சாலைக் கேன்டீனில் அந்த வாரம்தான் சேர்ந்திருக்கிறாள். என்னிடம்கூடச் சொல்லவில்லை. ஐந்து மணிக்கே வேன் வந்து ஏற்றிக்கொண்டு போய்விட்டதாம், திரும்ப மாலை ஆகுமாம். அத்தான் சமையலறையில் நின்றுகொண்டு அவள் குடித்துவிட்டுப் போன கோப்பையைக் கழுவிக்கொண்டிருந்தார். வீடு முழுக்க அவர் மட்டும்தான். கோழியை எங்கே வைப்பது என்று எனக்குத் தெரியவில்லை.

என்னை உட்காரச் சொன்னார். தேநீர் கலக்கிக் கொடுத்தார், சர்க்கரை போட மறந்துவிட்டார். மாதத் தவணை, போனஸ், இபிஎஃப் எல்லாவற்றையும் கூட்டினால் மூன்று லட்சத்து நாற்பத்தைந்தாயிரத்துக்கும் மேல் வருகிறது, கூட்டல் சரியா என்று கேட்டார். சரி என்றேன். சற்று நேரம் கோப்பையைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

"பெர்னிஸ், நீ கணக்கு எழுதறவ, ஒண்ணு கேக்கறேன்" என்றார். "மேரி இப்ப அஞ்சு மணிக்கு எந்திரிச்சுப் போறா. அதயும் வீட்டு விலையில சேக்கணுமா?"

நான் எழுந்து கோழியைப் பிரிட்ஜுக்குள் வைத்து, கதவை ரப்பர் கயிற்றால் கட்டினேன்.