முப்பது அடிக்கு மேல்

நான் இப்போது குடியிருப்பது ஊரப்பாக்கத்தில், ஸ்டேஷனுக்கு நடக்கிற தூரத்தில், மூன்றாவது மாடியில். பக்கத்து மனையில் ஓர் அடுக்குமாடி எழும்பிக்கொண்டிருக்கிறது. காலையில் சமையலறை ஜன்னலைத் திறந்தால் காபி வாசனைக்கு முன்னால் ஈரச் சாக்கின் வாசனை வந்துவிடுகிறது. காங்கிரீட் போட்ட தூணில் சாக்கைச் சுற்றி, அது காயாமல் பத்து நாள் தண்ணீர் ஊற்றிக்கொண்டே இருப்பார்கள் இல்லையா, அந்த வாசனை. ஞாயிற்றுக்கிழமை என்றால் உங்களுக்குக் கறிக்குழம்பு நினைவுக்கு வரலாம். எனக்கு இரண்டு வருஷம் ஞாயிற்றுக்கிழமை வாசனை இதுதான்.

தெருவில் போகிறவர்களைக் கவனித்தேன். ஒருவர் விடாமல் ஒரு நிமிஷம் நின்று அண்ணாந்து பார்த்துவிட்டுத்தான் போகிறார்கள். பால் பாக்கெட்டோடு வருகிற பெரியவர்கூட, "எத்தனை மாடிங்க வருது?" என்று வாட்ச்மேனைக் கேட்கிறார். பதில் தெரிந்து அவருக்கு ஆகப்போவது ஒன்றுமில்லை. ஆனாலும் கேட்காமல் போக முடியவில்லை. அவரைச் சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை, நான் அந்த ஆசைக்குப் பேர்போன இடத்திலிருந்து வந்தவள்.

எங்கள் காலனி திருக்கழுக்குன்றத்துக்கும் மாமல்லபுரத்துக்கும் நடுவில் இருக்கிறது. மேற்கே பார்த்தால் மலைக்கோயில். மலையே அவ்வளவு உயரம், அதன் உச்சியில் போய்க் கோயில் கட்டி, கோயிலுக்கு மேல் ஒரு விமானமும் எழுப்பியிருக்கிறார்கள். அங்கே படியேறிப் போகிற ஜனங்களோ, வழியில் கிடக்கிற கல்லை எடுத்து ஒன்றன் மேல் ஒன்றாக நாலைந்து அடுக்கி வேண்டிக்கொண்டு போகிறார்கள். நாங்கள் வேதக்காரக் குடும்பம். இருந்தும் பத்தாவது பரீட்சைக்கு முன்னால் சிநேகிதிகளோடு போய் நானும் அடுக்கினேன். அவர்கள் நாலு கல், நான் ஆறு. கணக்கில் நல்ல மார்க் வந்தது.

எங்கள் ஆட்கள் ஒரு காலத்தில் அடுத்தவர் நிலத்தில் நாற்று நட்டவர்கள். நைனா காலத்தில் அது கட்டட வேலையாக மாறியது. விடியும்போதே வேன் வரும், காலனி ஆண்களில் பாதிப் பேர் சிறுசேரிப் பக்கம் போய்விடுவார்கள். நைனா சென்ட்ரிங் வேலை. பலகை அடித்து, முட்டுக் கொடுத்து, தூக்குக்குண்டு விட்டுப் பார்த்து, தூண் நேராக நிற்கிறது என்று அவர் சொன்ன பிறகுதான் காங்கிரீட் ஊற்றுவார்கள். எதிர்வீட்டு கன்னியப்பன் மாமா கம்பி கட்டுகிறவர். ஓஎம்ஆரில் பாதிக் கட்டடம் எங்கள் காலனி கட்டியது என்பார் நைனா. பாதி என்பது அதிகம்தான், ஆனால் பஸ்ஸில் அவரோடு போனால் கழுத்து வலிக்கும். "அதோ, அது நா நிறுத்துனது. அதுக்குப் பக்கத்துல, அதுவும்."

அப்படி ஒரு இருபத்திரண்டு மாடி. அதன் மொட்டை மாடியிலிருந்து கடலைப் பார்த்துவிட்டு வந்து ஒரு மாசம் அதையே பேசினார். அம்மா கடலைப் பார்க்காதவள் இல்லை. மாமல்லபுரத்துக்குப் போய்க் காலை நனைத்துவிட்டு வருகிறவள்தான். "அது வேறமே. மேலருந்து பாத்தா அது வேற," என்றார். கட்டடம் முடிந்து ஆட்கள் குடிவந்த பிறகு ஒருநாள் அம்மாவையும் என்னையும் கூட்டிக்கொண்டு போனார். அம்மா பட்டுப்புடவை கட்டிக்கொண்டாள்.

கேட்டில் செக்யூரிட்டி நிறுத்தினார். "எந்த ஃப்ளாட்?"

"ஃப்ளாட்டுலாம் இல்ல சார். இத நாங்கதான் கட்னோம். மொட்ட மாடிக்குப் போயி இவங்களுக்குக் கடலக் காட்டிட்டு உடனே வந்துடுவேன்."

அவர் சிரிக்கவும் இல்லை, விரட்டவும் இல்லை. "ஓனரு போன் பண்ணாம வுட முடியாது அண்ணாத்த. எனுக்கு வேல பூடும்," என்று கெஞ்சுகிற மாதிரி சொன்னார். அவரை என்ன சொல்வது? திரும்பி வரும்போது பஸ்ஸில் அம்மா, "வுடு. கடலு எங்க ஓடிடப் போவுது," என்றாள். நைனா ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்துகொண்டு வீடு வரும்வரை ஒரு கட்டடத்தைக்கூடக் காட்டவில்லை.

அதற்கு அடுத்த ஞாயிறு ஆராதனை முடிந்ததும் அவர் எழுந்து, சபைக்கு ஒரு கோபுரம் கட்டுவோம் என்றார். எங்கள் சபை தகரக் கூரை போட்ட ஒரு கூடம். மழை பெய்தால் பிரசங்கத்துக்கு நடுவில் பக்கெட் வைப்போம். கூரையை முதலில் பார்க்கலாமே என்று பாஸ்டர் மெதுவாகச் சொன்னார். யார் காதிலும் விழவில்லை. கூடத்தை ஒட்டி நாலு தூண் நிறுத்தி, உள்ளே ஏணி வைத்து, உச்சியில் நின்று பார்க்க ஒரு தளம். ஊரான் ஊருக்கெல்லாம் எழுப்புகிறோம், நமக்கு ஒன்று எழுப்பிக்கொள்ளக் கூடாதா? அம்மன் கோயிலுக்குப் போகிறவரான கன்னியப்பன் மாமாகூடச் சேர்ந்துகொண்டார். "சாமி யாருதா இருந்தா இன்னா, கம்பி ஒண்ணுதான?" என்றார்.

உயரக் கட்டடங்களில் பூமிக்குள் நடக்கிற வேலையை வேறு ஆட்கள், வேறு இயந்திரங்கள் வந்து செய்வார்கள். பாறை தட்டும்வரை துளைத்துக் கம்பியும் காங்கிரீட்டும் இறக்கிவிட்டு அவர்கள் கிளம்பிய பிறகுதான் எங்கள் வேன் போகும். நைனா போய் நிற்கிறபோது தரைக்கு மேல் கம்பி நீட்டிக்கொண்டிருக்கும், அங்கிருந்துதான் அவர் வேலை. அத்தனை வருஷ அனுபவத்தில் காலனியில் ஒருவர்கூடத் தரைக்குக் கீழே வேலை பார்த்ததில்லை. அதனால் யோசனை இப்படிப் போயிற்று: வீட்டுக்கு மூன்றடி அஸ்திவாரம் போதும், கோபுரம் என்பதால் இரட்டிப்பாக ஆறடி தோண்டிவிடலாம். எங்கள் மண்ணோ ஏரியை ஒட்டிய பழைய நஞ்சை. குழியிலிருந்து ஒரு கை அள்ளினால் பிள்ளையார் பிடிக்கலாம், அப்பேர்ப்பட்ட களிமண்.

நான் அப்போது பாலிடெக்னிக் முடித்து, செங்கல்பட்டில் ஒரு சின்ன ஆபீசில் படம் வரைகிற வேலையில் சேர்ந்து எட்டு மாசம். காலனிக்கு நான் இன்ஜினியரம்மா. ஆபீசில் நான் செய்தது பாத்ரூம் கதவு எந்தப் பக்கம் திறக்க வேண்டும் என்று வரைவது. இருந்தாலும் படித்த படிப்பு இருக்கிறதே. குழி தோண்டி அடியில் காங்கிரீட்டும் போட்ட பிறகுதான் என்னிடம் வந்தார்கள். புத்தகத்தை வைத்துக்கொண்டு மூன்று நாள் கணக்குப் போட்டேன். அந்த மண்ணுக்கு, அந்த ஆறடிக்கு, முப்பது அடி தாங்கும். அதற்கு மேல் கூடாது. முப்பது அடிக்குப் படம் வரைந்து கொடுத்தேன்.

ஞாயிறு ஆராதனை முடிந்து, பத்து மணியிலிருந்து சாயங்காலம்வரை வேலை. ஆறு நாள் ஊருக்கு உழைத்த ஆண்கள், ஏழாவது நாள் அதே வேலையைச் சிரித்துக்கொண்டு செய்ததை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. வார நாட்களில் பெண்கள் முறை வைத்துச் சாக்குக்குத் தண்ணீர் ஊற்றினார்கள். ஒரு வருஷத்துக்குக் கொஞ்சம் மேலே ஆயிற்று முப்பது அடி எழும்ப. முதலில் அம்மாவைத்தான் ஏற்றினார்கள். மேலே போய்ச் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு கிழக்கே பார்த்தாள்.

"கடலு எங்க?"

சவுக்குத் தோப்பின் தலைகள்தான் தெரிந்தன, கோடி வரைக்கும் பச்சை.

"பரவால்ல," என்றாள் அம்மா. "காத்து நல்லா வருது."

அந்தப் "பரவால்ல" இருக்கிறதே, அதற்குப் பதில் அவள் திட்டியிருக்கலாம். அடுத்த வாரம் கூட்டம் போட்டார்கள். இன்னும் இரண்டு தட்டு, தட்டுக்குப் பத்தடி, சவுக்கைத் தாண்டிவிடலாம். கூடாது என்று சொல்லத்தான் நான் கணக்குப் போட்ட தாளைக் கைப்பையில் மடித்து எடுத்துக்கொண்டு போனேன். முப்பது என்ற எண்ணுக்குக் கீழே இரண்டு கோடு போட்டிருந்தேன்.

"நாம பேசி இன்னா ஆவப்போவுது," என்றார் கன்னியப்பன் மாமா. "படிச்ச புள்ள கீது. பாப்பா, நீ சொல்லு. தாங்குமா, தாங்காதா?"

எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். நைனா பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி கையைக் கட்டிக்கொண்டு நின்றிருந்தார். அம்மா பெண்கள் பக்கத்தில் உட்கார்ந்து பாயைக் கிள்ளிக்கொண்டிருந்தாள். நான் பையைத் திறக்கவில்லை. அவர்கள் முகத்தைப் பார்த்துத்தான் திறக்கவில்லை என்றால் அது பாதிதான் உண்மை. எனக்கும் மேலே போக ஆசையாக இருந்தது. இரண்டு தட்டில் என்ன வந்துவிடப் போகிறது, புத்தகத்தில் எப்போதும் கொஞ்சம் கூடுதலாகத்தானே பயமுறுத்துவார்கள் என்று நினைத்தேன்.

"தாங்கும்," என்றேன். "ரெண்டு தட்டு போலாம்."

கைதட்டினார்கள். வெட்கம் இல்லாமல் சொல்கிறேன், எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது.

உச்சித் தளத்துக்குக் காங்கிரீட் போட்ட அன்று வீட்டுக்கு ஒரு பாண்டு, கலவை சுமக்கிற இரும்புச் சட்டி, என்று வைத்தார்கள். ஒவ்வொரு வீடும் ஒரு பாண்டு கலவையைத் தொட்டுக் கொடுக்க, கைக்குக் கை மாறி அது மேலே போயிற்று. பலகை பிரித்த பிறகு அம்மா மறுபடி ஏறினாள். நைனாவும் நானும் கூட ஏறினோம். சவுக்குக்கு மேலே ஒரு கோடு, ஸ்கேல் வைத்துப் போட்ட மாதிரி நீலமாக. அதன் ஓரத்தில் தீக்குச்சி அளவுக்குக் கலங்கரை விளக்கம்.

"இத்தினி கிட்டயா இருந்துச்சி?" என்றாள் அம்மா. நைனா அழுதார். கீழே நின்றவர்களுக்குத் தெரியக் கூடாதென்று மேற்கே திரும்பிக்கொண்டு அழுதார்.

அதற்குப் பிறகு எட்டு மாசம் எங்கள் காலனி திருவிழாதான். காலனிக்குள் அதுவரை கால் வைக்காத ஊர்த் தெருக்காரர்கள் செருப்பைக் கழற்றிவிட்டு ஏணியில் ஏறினார்கள். யாரையும் எங்கிருந்து வருகிறாய் என்று கேட்கவில்லை. போன் பண்ணச் சொல்லவும் இல்லை.

அந்த வருஷம் ஐப்பசி மழையில் ஏரி நிரம்பி, தண்ணீர் சபைக் கூடத்தின் படிவரை வந்தது. வடிந்ததும் நைனா பழக்கதோஷத்தில் தூக்குக்குண்டை மேலேயிருந்து விட்டார். குண்டு நாலு விரல் தள்ளி நின்றது. நூல் முறுக்கியிருக்கும் என்று வேறு நூல் கட்டினார். நாலு விரல்தான். அடுத்த வாரம் ஐந்து.

எங்கள் ஆபீசின் பெரிய இன்ஜினியரைக் கையைக் காலைப் பிடித்துக் கூட்டி வந்தேன். அவர் தூண் ஓரத்தைத் தோண்டச் சொல்லிப் பார்த்தார். தகரக் கூரையைப் பார்த்தார், அதற்குக் கீழே விளையாடிக்கொண்டிருந்த பிள்ளைகளைப் பார்த்தார். "முழுசா இறக்கிடுங்க. அடுத்த மழைக்கு வைக்காதீங்க. இதுக்குக் கணக்குப் போட்டது யாரு?" என்றார்.

நான் வாயைத் திறப்பதற்குள் நைனா முன்னால் வந்தார். "கணக்குல தப்பில்ல சார். அது எம் பொண்ணு போட்டது, தப்பாது. சென்ட்ரிங் கட்டும்போது எங்கியோ எங் கைதான் தப்பிச்சி."

இன்ஜினியர் என்னைப் பார்த்தார். அவருக்குப் புரிந்துவிட்டது. பஸ் ஏறும்போது என்னிடம் மட்டும், "முப்பதோட விட்டிருந்தா நின்னிருக்கும்மா," என்றார்.

ஏற்றினவர்களே இறக்கினார்கள். ஒன்பது ஞாயிறு, அடுத்த மழைக்குள் முடிய வேண்டும் என்று ஆராதனை நேரத்திலும். சுத்தியல் சத்தத்தில் பாட்டுக்கூடக் கேட்காது, ஆனாலும் அம்மா தவறாமல் முன்வரிசையில் உட்கார்ந்து பாடினாள். கடைசித் தூண் தரைமட்டமான மறுநாள் நைனா தூக்குக்குண்டைக் கன்னியப்பன் மாமாவிடம் கொடுத்துவிட்டார். வேலையிடத்தில் மேஸ்திரியிடம் போய், தனக்குப் பலகை தூக்குகிற வேலை போதும் என்று கேட்டு வாங்கிக்கொண்டார். "கை சரியில்லபா. நாலு பேரு உசுரு," என்றாராம். முட்டி தேய்கிறவரை பலகைதான் தூக்கினார்.

கோபுரம் இருந்த இடத்தில் இப்போது ஞாயிற்றுக்கிழமை பைக் நிறுத்துகிறார்கள். சவுக்குத் தோப்பும் போய்விட்டது, அங்கே பன்னிரண்டு மாடி நிற்கிறது. நைனா போன வருஷம் போய்விட்டார். பஸ்ஸில் போனால் கட்டடங்களைக் காட்டுகிற அந்தப் பழக்கம் அவருக்கு முன்பே போய்விட்டிருந்தது. நாங்களாகக் கேட்டாலும், "யார் யாரோ கட்னாங்க," என்பார்.

அவர் கை ஒரு விரல்கூடத் தப்பியதில்லை. அதை அவரிடம் சொல்ல எனக்குப் பத்து வருஷம் இருந்தது. மாசத்தில் இரண்டு ஞாயிறு காலனிக்குப் போனேன். அவர் பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிட்டேன். சாயங்காலம் அவரே கூட வந்து பஸ் ஏற்றிவிடுவார். நான் ஏறி உட்கார்ந்து கையாட்டிவிட்டு வந்துவிடுவேன்.