கந்தசாமி பேரில் ஆடியவர்

அப்பாவிடம் யாராவது பேர் கேட்டால் உடனே சொல்ல மாட்டார். ரேஷன் கடையிலும் சரி, கள்ளக்குறிச்சி ஆஸ்பத்திரியில் சீட்டு எழுதும் இடத்திலும் சரி, ஒரு நொடி நின்றுவிட்டுத்தான் "சின்னக்கண்ணு" என்பார். சிறுவயதில் அவருக்குக் காது மந்தம் என்று நினைத்தேன். பிறகு, படிக்காதவர், அதிகாரி என்றால் பயம் என்று நினைத்தேன். கல்லூரிக்குப் போன பிறகு வெட்கமாக இருந்தது. "சட்டுனு சொல்லுப்பா" என்று அதட்டியிருக்கிறேன்.

பி.ஏ. கடைசி வருடம்தான் காரணம் தெரிந்தது. எங்கள் ஊர் நிலக்காரர் பூமாலை புது வீட்டுக்குக் குடிபோனார். விருந்துக்குப் பாத்திரம் கழுவ அம்மாவோடு நானும் போயிருந்தேன். கூடத்துச் சுவரில் பழைய கால்பந்துக் குழுவின் படம் ஒன்று. முன்வரிசையில் பந்தை மடியில் வைத்து உட்கார்ந்திருந்தவர் என் அப்பா. இருபது வயது இருக்கும். கீழே அவர் இடத்தில் அச்சடித்திருந்த பேர்: பூ. கந்தசாமி. அது பூமாலையின் மகன் பேர். விளையாட்டு வீரர்களுக்கான ஒதுக்கீட்டில் சென்னையில் அரசு வேலை வாங்கியவர்.

அன்று அப்பாவை நான் விடவில்லை. கரும்பு வெட்டிவிட்டு வந்தவர், கை கழுவியபடியே சொல்ல ஆரம்பித்தார்.

ஐந்தாம் வகுப்போடு படிப்பு நின்று, பூமாலையின் கரும்பு வண்டியை ஓட்டிக்கொண்டிருந்தார் அப்பா. பூமாலை நடத்திய கால்பந்துக் குழுவிலும் ஆடினார். ஆட்டத்துக்கு ஐம்பது ரூபாய், ஒரு வேளைச் சாப்பாடு. 1993இல் இருபத்தொரு வயதுக்குட்பட்டவர்களுக்கான மாவட்டப் போட்டி வந்தது. வயதுக்குப் பள்ளிச் சான்றிதழ் வேண்டும். அப்பாவிடம் இல்லை.

"என் மவன்கிட்ட இருக்குதுடா. அவன் பேர்ல ஆடு. அடுத்த வருசம் உன் பேர்லயே பதிஞ்சிடலாம்" என்றார் பூமாலை.

சுற்றுவட்டாரத்தில் எல்லாக் குழுவும் இப்படித்தான் வெளியாள் இறக்கும். அப்பாவுக்கு அது தப்பாகவே படவில்லை. சொந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிட்டால் திரும்பக் கூடாது என்று பூமாலை மூன்று நாள் பழக்கினார். திரும்பினால் தலையில் ஒரு குட்டு. "யாராவது பேர் கேட்டா வாய மூடு. கொஞ்சம் யோசிச்சிட்டுச் சொல்லு."

குழு ஜெயித்தது. மதுரையில் நடந்த மாநிலப் போட்டியிலும் அப்பா நான்கு கோல் போட்டார். சான்றிதழ் கந்தசாமி பேரில் வந்தது. அடுத்த வருடம் வந்தது, பேர் பதியவில்லை. அதற்கடுத்த வருடம் கந்தசாமிக்கு வேலை கிடைத்தது. அப்பா போய்க் கேட்டிருக்கிறார்.

"அந்தத் தாள வெச்சிக்கினு நீ இன்னா பண்ணுவ? அஞ்சாங்கிளாசுக்கு எவன்டா வேல குடுப்பான்? என் மவன் பேர்ல இருக்கப்போயி ஒருத்தனாவது பொழச்சான். போ, போய் வண்டியக் கட்டு."

கட்டினார். அதன் பிறகு பந்தைத் தொடவில்லை.

நான் ராத்திரி பகலாக உட்கார்ந்து நான்கு பக்கம் மனு எழுதினேன். அந்தச் சான்றிதழில் என் அப்பாவின் பேர் வர வேண்டும். படித்துக் காட்டினேன். அவருக்காக எழுதினேனா, வீரரின் மகள் என்று சொல்லிக்கொள்ளும் ஆசையில் எழுதினேனா என்று இப்போதும் எனக்குத் தெளிவில்லை.

"வேணாம்" என்றார்.

"ஏம்ப்பா? உன்ன ஏமாத்தினவங்களுக்கே பயப்படறியா?"

"அந்தப் பேரு எனக்கு வந்தா, சடையன் காலு ஒடிஞ்சதும் என் கணக்குக்குத்தான் வரணும்."

சடையன் கல்வராயன் மலைக் குழுவில் ஆடியவர். மாவட்ட இறுதியாட்டத்தில் பந்தோடு தனியாக வந்தவரை நிறுத்த வேறு வழியில்லாமல் அப்பா அவர் காலில் பாய்ந்துவிட்டார். முழங்காலுக்குக் கீழே எலும்பு முறிந்தது. சடையனைத் தூக்கிப் போகும்போது, "மூணு நாள்ல வந்து பாக்கறேன்" என்று அப்பா சொல்லியிருக்கிறார். போகவில்லை. ஒரு மாதம் கழித்து, அன்று ஆட்டம் பார்த்திருந்த சடையனின் அண்ணன் மலையிலிருந்து இறங்கி, பூமாலை வீட்டு வாசலில் வந்து நின்றார்.

"கந்தசாமின்றவரு வரேன்னாராம். தம்பி கேட்டுக்கினே கெடக்கறான்."

பூமாலை தன் மகனைக் காட்டினார். "இவரு இல்லீங்க" என்று அந்த அண்ணன் திரும்பிப் போனார். பத்தடி தள்ளி வண்டி பூட்டிக்கொண்டிருந்த அப்பா, மாட்டின் கழுத்துப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

பூமாலை மேல் எனக்கிருந்த கோபத்தில் பாதி அன்றே அப்பா மேல் திரும்பியது. அதை அவரிடம் சொல்லவில்லை.

போன தை மாதம் அப்பா இறந்தார். மனு என் பெட்டியிலேயே கிடக்கிறது. சித்திரையில் வெள்ளிமலைக்குப் பஸ் ஏறி, அங்கிருந்து நடந்து விசாரித்துக்கொண்டே சடையன் வீட்டுக்குப் போனேன். வாசலில் கடுக்காய் உலர்த்திக்கொண்டிருந்தார். ஒரு கால் குட்டையாக இருந்தது. எல்லாவற்றையும் சொல்லி முடித்தேன். வெகுநேரம் கடுக்காயைத் துழாவினார்.

"கந்தசாமி இல்லியா அவரு?"

"இல்லீங்க. சின்னக்கண்ணு."

"நல்லா ஆடுவாரு." பிறகு கேட்டார்: "முப்பது வருசத்துல அவருக்கு ஒரு பஸ்சு கெடைக்கலியா?"

"மன்னிச்சிடுங்க" என்றேன்.

"நீ எதுக்கும்மா கேக்கற? வரேன்னு சொன்னது நீயில்லியே."

தண்ணீர் கொடுத்தார், குடித்தேன். என்னிடம் கொடுப்பதற்கு ஒன்றும் இல்லை.