ஆளில்லாத ஸ்டேஷனில் மாப்பிள்ளை

உங்கள் அத்தைக்கு, அதாவது என் அக்காவுக்கு, வந்த வரனைப் பற்றி, "ரயில்வே உத்தியோகம், ஸ்டேஷன்ல வேலை" என்று தரகர் சொன்னதுமே என் சித்தப்பாவுக்குச் சந்தேகம்.

"ரயில்வேக்காரன் நம்ம பாரூர்ப் பக்கம் எதுக்குடா பொண்ணு தேடறான்? அவங்க ஊர்ல யாரும் குடுக்கலியா?"

அக்காவுக்கு முன்பே இரண்டு சம்பந்தம் பேசிக் கலைந்திருந்தது. இதுவும் கலைந்தால் ஊர் வாயை மூட முடியாது. ஏமாந்து கொடுத்துவிட்டால் அதைவிட மோசம். எங்கள் பக்கத்தில், மாப்பிள்ளைக்குத் தெரியாமல் அவர் வேலை செய்யும் இடத்தைப் பார்த்துவிட்டுத்தான் பெண் கொடுப்பார்கள். அப்பாவுக்குக் கால் வீக்கம். அதனால் சித்தப்பாவும் நானும் போனோம். ரயிலில் போய் இறங்கினால் கண்டுகொள்வான் என்று சித்தப்பா என்னைப் பஸ்ஸில் கூட்டிப்போய், மிச்சத் தூரம் தண்டவாளத்தை ஒட்டி நடக்கவைத்தார்.

ஸ்டேஷன் என்று அங்கே இருந்தது மண்மேடு, ஊர்ப் பெயர் எழுதிய பலகை, ஓடு வேய்ந்த பூட்டிய அறை, அவ்வளவுதான். மேட்டின் மேல் ஆடுகள் படுத்திருந்தன.

ஆடு மேய்த்த அம்மாளிடம், "ஸ்டேஷன் மாஸ்டர் எங்கம்மா?" என்று சித்தப்பா கேட்டார்.

"மாஸ்டரா? இங்க எங்கிட்டு மாஸ்டரு? ரயில்வே ஆளே கெடையாது. ரயிலு வர்ற நேரத்துக்கு ஒருத்தன் வந்து தொறப்பான்."

சித்தப்பா என் கையைப் பிடித்து இழுத்தார். "பாத்தியா? வாடா போலாம்."

ரயிலைப் பார்த்துவிட்டே போகலாம் என்று நான் பிடிவாதம் பிடித்தேன். புளியமரத்தின் பின்னால் நின்றோம். வெகுநேரம் கழித்து, உழுது போட்டிருந்த கொல்லைப் பக்கமிருந்து ஒருவர் வந்தார். முழங்கால்வரை மண். சட்டையை உதறிப் போட்டுக்கொண்டு அறையைத் திறந்தார். நாலைந்து பேர் சேர்ந்தார்கள்.

சித்தப்பா ஜன்னலுக்குப் போய், ஒன்றும் தெரியாதவர்போல, "தம்பி, ரயில்வேல என்ன உத்தியோகம்?" என்றார்.

"உத்தியோகம் இல்லீங்க. டிக்கெட் வித்தா கமிஷன். மத்த நேரம் கொல்லை வேலை." பிறகு புளியமரத்தடியில் நின்ற என்னைப் பார்த்துச் சிரித்தார். "டிக்கெட்டும் வாங்காம, மறைஞ்சி நின்னு பாக்கறீங்க. பொண்ணு வீடுங்களா? தரகர் என்னான்னு சொன்னாரு?"

சித்தப்பா மரத்தடிக்குத் திரும்பி வந்தார்; ரயில் போனபிறகுதான் கிளம்பினோம். திரும்பும் வழியெல்லாம் புலம்பினார். "கேட்ட ஒடனே உண்மையச் சொல்றான்டா. வேற என்னமோ பெருசா மறைக்கறான்."

வீட்டில் நடந்ததைச் சொன்னேன். அப்பா ஏதும் கேட்பதற்குமுன் அக்கா கேட்டாள். "ரயில் போனப்பறம் அவரு எங்க போனாரு?"

"சட்டையக் கழட்டிட்டு மறுபடி கொல்லைக்குத்தான் போனாரு."

"அப்ப தரகன்தான் பொய் சொன்னது. அவரில்ல. எனக்குச் சம்மதம்னு சொல்லிடு."

கல்யாணம் மாப்பிள்ளை ஊரில் நடந்தது. திரும்புவதற்கு நாங்கள் ஸ்டேஷனுக்கு வந்தால் அறை பூட்டியிருந்தது. சித்தப்பா என்னை முறைத்தார். சற்று நேரத்தில் மாப்பிள்ளையே ஓடிவந்தார், கழுத்தில் மாலையோடு. டிக்கெட் கொடுக்க அவரை விட்டால் அங்கே வேறு ஆள் ஏது?

எல்லோரும் வாங்கிக்கொண்டோம். சித்தப்பா மட்டும் தன் டிக்கெட்டை வெயிலில் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"நல்ல டிக்கெட்தான் மாமா, ஏறுங்க," என்றார் மாப்பிள்ளை.