கட்டுகஸ்தோட்டை நெரிசலில் வந்த சந்தோஷம்

அக்குறணையில் துணி விற்கும் பிடவைக்கடை வைத்திருக்கும் நஸீமின் மகள் நப்லா, கருமுட்டைகளை உறைய வைத்துப் பாதுகாக்கும் மருத்துவம் படித்துவிட்டு வந்தபோது, ஊரில் பாதிப்பேருக்கு அது ஏதோ ஐஸ்கிரீம் வியாபாரம் போலத்தான் கேட்டது. கண்டியில் ஒரு தனியார் ஆஸ்பத்திரி அவளுக்கு ஓர் அறை கொடுத்தது. முட்டைகளை உறையவைக்கும் திரவ நைதரசன் தொட்டி வந்து இறங்கிய அன்று, புது மணப்பெண்ணைப் பார்ப்பதுபோல் அதைச் சுற்றிச்சுற்றி வந்தாள். அதில் வைக்கத்தான் ஒன்றுமில்லை. புற்றுநோய் மருத்துவர்களிடம் போய், சிகிச்சை தொடங்குமுன் இளம் பெண்களைத் தன்னிடம் ஒருமுறை அனுப்பச் சொன்னாள். உயிர் தப்புவதே பெரிய பாடு, இதில் பிள்ளையைப் பற்றி யார் யோசிப்பது என்று அவர்கள் கையை விரித்தார்கள்.

ஒருவர் மட்டும் கிருஷாந்தியை அனுப்பினார். கெலிஓயாப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்து வங்கியில் வேலை பார்த்தவள். கல்யாணம் ஆகியிருக்கவில்லை. மார்பில் புற்று. மருந்து ஏற்றினால் பிறகு பிள்ளை தங்காமல் போகலாம் என்று நப்லா விளக்க, அவள் கேட்டது ஒன்றுதான்.

"நான் பொழைச்சு வர்ற வரைக்கும் அதுங்க பத்திரமா இருக்குமா டொக்டர்?"

"இரிக்கும். நீங்க சொகமாகி வாங்க, அது போதும்."

அவளுடைய முட்டைகளை எடுத்து உறைய வைத்தாயிற்று, ஆனால் சொன்ன சொல்லைக் காப்பாற்றுவது லேசாக இருக்கவில்லை. எரிபொருள் தட்டுப்பாட்டில், தொட்டியை நிரப்பும் நைதரசன் லொறி வராமல் போனபோது, வாப்பாவின் பிடவை வேனைக் கெஞ்சி வாங்கிப் பல்லேகல வரை போய், சேலைக் கட்டுகளுக்கு நடுவே சிலிண்டர்களை ஏற்றி வந்தாள்.

சில வருடங்களில் கிருஷாந்தி சுகமாகி, கணவன் தினேஸுடன் வந்தாள். ஆய்வுகூடத்தில் நப்லாவின் உதவியாளன் ஷிஹாப் முட்டைகளை இளஞ்சூட்டுக்குக் கொண்டுவந்தான். சுருங்கிக் கிடந்தவை மெல்ல ஊதி உருண்டையானதை நுணுக்குக்காட்டியில் பார்த்த நப்லா, மூச்சுவிட்டால் கலைந்துவிடுமோ என்று வாயைப் பொத்திக்கொண்டாள். தினேஸின் விந்தணு சேர்ந்து உருவான கருவை அந்த வாரமே கிருஷாந்தியின் வயிற்றில் வைத்தார்கள்.

இரண்டு வாரம் கழித்து, கட்டுகஸ்தோட்டை வாகன நெரிசலில் கார் ஓட்டிக்கொண்டிருந்த நப்லாவின் தொலைபேசி அடித்தது.

"டொக்டர், புள்ள தங்கிருச்சு," என்றாள் கிருஷாந்தி.

நப்லாவுக்குச் சிரிப்பும் கண்ணீரும் ஒன்றாக வந்தன. யாரிடமாவது சொல்லாவிட்டால் நெஞ்சு வெடித்துவிடும் போலிருந்தது. கண்ணாடியை இறக்கி, பக்கத்து முச்சக்கரவண்டிக்காரரிடம் பிள்ளை வரப்போகிறது என்று சிங்களத்தில் சொன்னாள். அவர் அவளுடைய வயிற்றைப் பார்த்துவிட்டு, அப்படியானால் பள்ளம் பார்த்து மெதுவாக ஓட்டும்படி புத்தி சொன்னார். அவள் மறுக்கவில்லை, நன்றி சொன்னாள். முன்னால் பாதை திறந்ததும் தெரியவில்லை. பின்னாலிருந்த பஸ்காரன் ஹோர்னிலிருந்து கையை எடுக்கவேயில்லை. அக்குறணையில் நேரே கடைக்குள் போய், துணி அளந்துகொண்டிருந்த வாப்பாவின் நெற்றியில், வாடிக்கையாளர்கள் பார்க்கப் பார்க்க முத்தமிட்டாள்.

கிருஷாந்திக்குப் பெண் பிள்ளை பிறந்தது. வார்டே திரும்பிப் பார்க்க அழுதது. கையை விரித்த மருத்துவர்கள் இப்போது தாங்களாகவே அழைத்துப் பெண்களை அனுப்புகிறார்கள். இரண்டாவது தொட்டி வந்தபோது அறையில் இடம் போதவில்லை. நப்லா தன் மேசையையும் கதிரையையும் வெளியேற்றிவிட்டு, தொட்டியில் சாய்ந்து நின்றபடியே சந்தோஷமாகத் தேத்தண்ணி குடிக்கிறாள்.