பகல் விருந்துக்கு அழைத்த ஃபர்சானா

பல மாதங்களாகச் சத்தமில்லாமல் கிடந்த நம் போராட்ட வாட்ஸ்அப் குழுவில் போன வெள்ளிக்கிழமை ஒரு செய்தி வந்தது. “அக்கா வஃபாத்தாயிட்டாங்க. துஆ செய்ங்க.” அனுப்பியது ஃபர்சானாவின் தம்பி. மஞ்சள் காமாலை அவளைக் கொண்டுபோய்விட்டது. அழுதேன். ஆனால் அவளை நினைத்தால் சிரிப்பும் கூடவே வந்து தொலைகிறது, என்ன செய்ய?

கொள்ளிடத்தில் மணல் குவாரி வரப்போகிறது என்று கேள்விப்பட்டபோது நாங்கள் அப்போதுதான் கல்லூரி முடித்திருந்தோம். நான் ஸ்ரீரங்கம். அவள் மலைக்கோட்டைக்குக் கீழே, அவள் அத்தாவின், அதாவது அப்பாவின், கல்யாணப் பத்திரிகைக் கடையில் கம்ப்யூட்டர் முன்னால். குவாரி வந்தால் கரையோரத் தெருக்களில் குடிக்கத் தண்ணீர் இருக்காது. இன்ஸ்டாகிராமில் பக்கம் தொடங்கினோம். லைக்குகள் குவிந்தன. முதல் கூட்டத்துக்கு வந்தவர்களோ ஒரு ஷேர் ஆட்டோவில் அடங்கிவிட்டார்கள்.

அடுத்த அழைப்பை அவசரத்தில் கடைக் கம்ப்யூட்டரில் இருந்த ஒரு நிக்காஹ் பத்திரிகையின் மேலேயே அடித்துப் பக்கத்தில் போட்டாள். மணமக்கள் பெயரை எடுத்தவள், ‘குடும்பத்துடன் வருக, பகல் விருந்து உண்டு’ என்ற வரியை எடுக்க மறந்துவிட்டாள். நாங்கள் கவனிப்பதற்குள் அது தொட்டியம் வரை போய்விட்டது. மறுப்பு போடச் சொன்னேன். அவள் கேட்கவில்லை. “விருந்துன்னு கூப்பிட்டாச்சுடி கோதை. இப்ப இல்லைன்னா யார் மூஞ்சில முழிக்கிறது?”

உண்மையைச் சொல்லி இன்னொரு பதிவு போட்டாள்: தப்பு நடந்துவிட்டது, சமைக்கத் தெரிந்தவர்கள் சீக்கிரம் வாருங்கள். அன்று கரையில் நின்ற உங்களுக்கு மீதி தெரியும். காந்தி மார்க்கெட்டிலிருந்து காய்கறி மூட்டைகள் வந்தன, தொட்டியத்திலிருந்து வாழையிலைக் கட்டுகள். எங்கள் வீட்டாரும் உட்கார வேண்டும் என்பதற்காகப் பிரியாணியை ரத்து செய்து சாம்பார் வைக்கச் சொன்னாள். என் அப்பா வேட்டியை இறுக்கிக்கொண்டு தானே சாத்தமுது பரிமாறினார். ரசத்தை எங்கள் வீட்டில் அப்படித்தான் சொல்வோம்.

கூட்டத்தைக் கலைக்க வந்த இன்ஸ்பெக்டர், கைக்குழந்தைகளையும் பந்தியையும் பார்த்துவிட்டு, இது போராட்டமா கல்யாணமா என்று கேட்டார். “ரெண்டும்தான் சார். அடுத்த பந்தியில உக்காருங்க” என்றாள். அவர் உட்காரவில்லை, கலைக்கவும் இல்லை. விருந்து அன்றோடு நிற்கவில்லை; தெருவுக்கு ஒரு நாள் என்று முறை வைத்துக் கரையிலேயே சமைத்தோம். குவாரி உத்தரவைத் திரும்பப் பெறும்வரை அடுப்பு அணையவில்லை.

அவளிடமிருந்து நான் வைத்துக்கொண்டிருப்பது வேறொன்று. அந்த முதல் கூட்டம் சொதப்பித் திரும்பிய பஸ்ஸில், அடுத்த முறையும் யாரும் வராவிட்டால் என்ன செய்வது என்று கேட்டேன். “நீயும் நானும் உக்காருவோம். ரெண்டு பேர் இருந்தா அதுவே கூட்டம்தான்டி” என்றாள்.

இப்போது நான் ஒருத்தி இருக்கிறேன். இன்னொருவரைக் கூப்பிட வேண்டும்.