பென்சிலால் மட்டும் எழுதவும்

அடுத்தவர் கண்ட கனவை விடியற்காலையில் உட்கார்ந்து எழுதுகிற பிழைப்பு இருக்கிறதே, அது என் எதிரிக்கும் வேண்டாம். ரிஜிஸ்தர் எழுதிக் கை கடுத்த குமாஸ்தாக்களே, உங்களுக்குத்தான் என் பாடு புரியும்.

எழுபதுகளின் கடைசி. மலையில், புதூர்நாட்டுக்கு மேலே, ஜீப் நின்றுவிடும் இடத்திலிருந்து ஒரு மணி நேரம் நடந்தால் அந்தக் கல்விக்கூடம். கனவு, காலம், நிலையாமை என்று மூன்றே பாடம். மந்திரம் சொல்லித் தருகிற இடம்தான், ஆனாலும் ரிஜிஸ்தர் எழுத ஓர் ஆள் வேண்டுமே! மனைவி ஸ்டெல்லாவை மண்ணில் வைத்துவிட்டு, ஒடுகத்தூரில் இருக்கப் பிடிக்காமல் திரிந்த நான் அங்கே போய்ச் சேர்ந்தேன்.

முதல் விதி

மாணவர்கள் இருபத்திரண்டு பேர். எல்லாரும் வயது வந்தவர்கள். எழுந்ததும், வாய்கூடக் கொப்பளிக்காமல், வரிசையில் வந்து கனவைச் சொல்ல வேண்டும். நான் பென்சிலால் எழுத வேண்டும். அமாவாசையன்று மொத்தத்தையும் ரப்பரால் அழிக்க வேண்டும். அழித்தது ஆளை விட்டுப் போய்விடும், அதுதான் நிலையாமைப் பாடம் என்றார் பிரின்சிபால் அம்மா. நான் உள்ளுக்குள் சிரித்துக்கொண்டேன்.

சின்னசாமி என்று ஒரு மாணவர், மலையில் சாமை விதைக்கிறவர். அந்த மாதம் முழுக்கத் தன் நாயைத்தான் கனவு கண்டார். செவலை நாய், ஒரு காது மடங்கியிருக்கும். எழுதி எழுதி எனக்கே சலித்துப்போய், அமாவாசையன்று அழுத்தித் தேய்த்தேன். மறுநாள் காலையில் அதே செவலை, ஊரிலிருந்து அவரைத் தேடிக்கொண்டு வந்து, காலை நக்கி வாலை ஆட்டியது. அவர் காலை இழுத்துக்கொண்டு என்னிடம் கேட்டார்: "இது யாரூட்டு நாயிங்க?"

கடிகாரத்துக்குச் சாவி

காலப் பாட வகுப்பில் ஒரு பெரிய சுவர்க் கடிகாரம் நின்றுபோய்க் கிடந்தது. அதற்குச் சாவி கொடுக்கக் கூடாது என்று எனக்கு யாரும் சொல்லவில்லை. கெட்டிக்காரக் குமாஸ்தா அல்லவா நான், போளூரிலிருந்து ரிப்பேர்க்காரரைக் கூட்டிவந்துவிட்டேன்! வாசல் பலாமரத்தைப் பார்த்து, "பிஞ்சு வுட்டிருக்குது" என்று சொல்லிக்கொண்டேதான் உள்ளே வந்தார். சாவி கொடுத்தார், ஒரு டீ குடித்தார். பத்து நிமிஷம்கூட ஆகியிருக்காது.

வெளியே வந்த மனுஷன் மரத்தடியில் அப்படியே நின்றுவிட்டார். நானும் அண்ணாந்து பார்த்தேன். அந்தப் பத்து நிமிஷத்துக்குள் வெளியே ஓடிப்போன மாதங்களை நானும்தான் தொலைத்தேன், யாரைப் போய்க் கேட்பது? அவர் பையைத் தூக்கிக்கொண்டு ஓடியபடியே கத்தினார்: "இன்னாங்க இது, வரச்சொல்ல பிஞ்சா இருந்திச்சு, இப்ப பழுத்து வாசன வருது, என் வூட்ல எனக்குக் காரியமே முடிச்சிருப்பாங்களே!"

பச்சைப் புடவை

மேரி என்கிற மாணவி, போளூர்ப் பக்கம் டீச்சராக இருந்தவர், ஒரு காலையில் வந்து சொன்னார். ஒடுகத்தூர் பஸ் ஸ்டாண்டாம். பச்சைப் புடவை கட்டிய ஓர் அம்மா ஒயர் கூடையோடு நின்றுகொண்டே இருந்தார்களாம்.

என் பென்சில் நின்றுவிட்டது. அன்றைக்கு ஸ்டெல்லாவுக்கு நெஞ்சுவலி. வேலூர் ஆஸ்பத்திரிக்குப் போக, "பஸ் ஸ்டாண்டுல நில்லு, பின்னாடியே வர்றேன்" என்று அனுப்பிவிட்டு, வழியில் ஒருத்தனோடு வெட்டிப் பேச்சு பேசிக்கொண்டு நின்றேன். நான் போய்ச் சேர்வதற்குள் பஸ்ஸும் போய்விட்டது, அவள் உயிரும் போய்விட்டது. அந்தப் பச்சைப் புடவையோடுதான் பெட்டியில் வைத்தோம். இந்தப் பாவத்தை நான் ஒருவரிடமும் சொன்னதில்லை.

இதை மட்டும் அமாவாசைக்குக் கொடுக்க மனசு வரவில்லை. சட்டைப் பையிலிருந்து மைப் பேனாவை எடுத்து எழுதிவிட்டேன். மேரி அதைக் கவனிக்காமல் சொல்லி முடித்தார்: "என்னாண்ட ஒண்ணே ஒண்ணு கேட்டாங்க சார், 'அவரு வந்துட்டாரா?'ன்னு."

கால் கடுப்பு

அமாவாசைக்கு மற்றதெல்லாம் அழிந்தது, மை அழியவில்லை. மறுநாள் இருபத்திரண்டு பேருக்கும் ஒரே கனவு. பஸ் ஸ்டாண்டு, பச்சைப் புடவை, அதே கேள்வி. ஒரு வாரமாக யாருக்கும் சொந்தக் கனவே இல்லை. ராத்திரியெல்லாம் அவளோடு நின்றதில் எல்லாருக்கும் கால் வீங்கிவிட்டது. எனக்கோ, வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், சந்தோஷம்! தினமும் இருபத்திரண்டு வாயிலிருந்து அவள் சேதி வருகிறதே!

பிரின்சிபால் அம்மா ரிஜிஸ்தரைப் புரட்டி மையைக் கண்டுபிடித்தார். ஒரு பிளேடை எடுத்து என் முன்னால் வைத்தார். "சுரண்டினா, சின்னசாமி நாயை மறந்த மாதிரி நானும் அவள மறந்துடுவேனாம்மா?" என்று கேட்டேன். அவர் பிளேடை இன்னும் என் பக்கம் தள்ளிவைத்துச் சொன்னார்: "மறக்குமோ இன்னாவோ, தெரியாதுங்க. ஆனா அந்தம்மாவ இன்னும் எத்தினி நாளு நிக்க வெப்பீங்க?"

சன்னலோரம்

அன்று சாயங்காலமே சுரண்டினேன், அழுதுகொண்டேதான். காகிதம் ஓட்டை விழுந்த பிறகும் கை நிற்கவில்லை. விடிந்து கண் விழித்ததும் முதல் வேலையாக அவள் பெயரைச் சொல்லிப் பார்த்தேன். ஸ்டெல்லா. இருந்தது. அப்பாடா! முகம் துடைக்கத் தேடினால் கொடியில் என் துண்டைக் காணோம். சிவப்புக் கரை போட்டது, அவள் எடுத்துத் தந்தது. எடுத்தவனைத் திட்டிக்கொண்டே ரிஜிஸ்தர் முன்னால் உட்கார்ந்தேன்.

வரிசையில் முதலில் வந்தவர் மேரி. கால் வீக்கம் வடிந்திருந்தது, முகம் தெளிந்திருந்தது. நான் பென்சிலை எடுத்தேன். அவர் சொன்னார்: "அந்தம்மா பஸ் ஏறிட்டாங்க சார், சன்னலோர சீட்டு, பக்கத்துல செவப்புக் கரை துண்டு ஒண்ணப் போட்டு வச்சுக்கினு, 'ஆளு வர்றாரு'ன்னு யாரையும் உக்கார வுட மாட்டேங்கிறாங்க."

ஆகையால் குமாஸ்தாக்களே, எதை எழுதினாலும் பென்சிலால் எழுதுங்கள், துண்டைக் கொடியில் விட்டுவைக்காதீர்கள். எனக்கு இடம் போட்டாகிவிட்டது, பஸ் எப்போது என்பதுதான் தெரியவில்லை.